மொட்டை மாடியில் கோடை இரவு: தரை குளிர, கொசு அண்டாமல் இருக்க, வானம் பார்க்க

வைகைக்கரை (கேள்வி):
ஊர் மதுரை. தட்டோடு பதித்த மொட்டை மாடி, 600 சதுர அடி. பிள்ளைகளுக்கு (8, 11 வயது) லீவு விட்டாச்சு. மே மாதம் முழுக்க ராத்திரி மாடியில்தான் படுக்கை என்று முடிவு; அப்பத்தாவும் மேலே வருகிறார். ஆனால் பத்து மணிக்கும் தரை சுடுகிறது. எட்டு மணிக்குத் தண்ணீர் ஊற்றினால் புழுக்கம்தான் கூடுகிறது. கொசு வேறு. போனும் டிவியும் மாடிக்கு வராது, அதில் மாற்றம் இல்லை. தூக்கம் வரும்வரை படுத்தபடியே பிள்ளைகள் பார்க்க, கேட்க என்ன இருக்கிறது? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தட்டோடு:
எட்டு மணிக்கு ஊற்றுவதுதான் தப்பு. பகல் முழுக்க வெயில் வாங்கிய காங்கிரீட், பொழுது சாய்ந்த பிறகு அதை மெதுவாக வெளியே விடுகிறது. ஊற்றின தண்ணீர் ஆவியாகிப் போனால்தான் சூட்டை எடுத்துக்கொண்டு போகும். ஒரு லிட்டர் ஆவியாக ஏறத்தாழ 2,400 கிலோஜூல் வெப்பம் வேண்டும். ஐந்து அங்குலத் தளத்தில் ஒரு சதுர மீட்டரை எட்டு ஒன்பது டிகிரி இறக்க அவ்வளவு போதும். அதில் ஒரு பங்கு காற்றிலிருந்தும் வரும் என்பதால் பாதி பலனை எதிர்பாருங்கள்.

600 சதுர அடிக்கும் ஊற்ற வேண்டாம். படுக்கிற இடம் பத்துக்குப் பத்து போதும். வெயில் தரையை விட்டு விலகியதும், ஐந்தரை மணி வாக்கில், பத்து லிட்டரைப் பூவாளியால் மெல்லத் தெளியுங்கள். காய்ந்ததும் இன்னொரு பத்து. ஏழு மணிக்குள் மூன்றாவது. மொத்தம் இரண்டு வாளிதான். அதையே ஒரே மூச்சில் கவிழ்த்தால் பெரும்பாதி தண்ணீர் வாட்டம் பார்த்துக் குழாய் வழியே இறங்கிவிடும். ஏழு மணிக்கு மேல் சொட்டு ஊற்றாதீர்கள். ஈரம் காய நேரமில்லாமல் அதுவே புழுக்கம் ஆகிறது. உச்சி வெயிலிலும் கூடாது. கொதிக்கிற ஓடு திடீரென்று சுருங்கி, இணைப்புகளில் விரிசல் விடும். மழைக்காலத்தில் ஒழுகும்போதுதான் அது தெரியும்.

ஆர்.ஓ. கழிவு நீர் தாராளமாக ஊற்றலாம், வெள்ளையாக உப்புப் பூக்கும், அவ்வளவுதான். துணி அலசின தண்ணீர் வேண்டாம், ஓட்டில் வழுக்கும். மாடிப்படியில் ஈரம் இருக்கவே கூடாது. அப்பத்தா நடுராத்திரி இறங்குவார்.

கீழைக்காற்று:
மேலே சொன்ன கணக்கு மதுரை, திருச்சி போன்ற வறண்ட ஊருக்குத்தான். கடலோரத்தில் இருப்பவர்கள் யாராவது இதைப் படித்தால் அப்படியே செய்ய வேண்டாம். சென்னை, நாகப்பட்டினம் பக்கம் காற்றிலேயே ஈரம் நிறைய. ஒரு முறை, அதுவும் ஐந்து மணிக்கு, போதும். மீதியைக் கடற்காற்று பார்த்துக்கொள்ளும். அங்கே கட்டிலைக் கிழக்குக் கைப்பிடிச் சுவருக்கு ஒட்டிப் போட்டால் சுவர் காற்றை மறைத்துவிடும். ஏழெட்டு அடி உள்ளே தள்ளிப் போடுங்கள்.

குடிதண்ணீர்ப் பானைக்கும் இதே விதிதான்: மண் வேர்த்தால்தான் தண்ணீர் குளிரும். பெயின்ட் அடித்த பானை வேர்க்காது. புதுப் பானையை ஒரு நாள் முழுக்க ஊறவைத்து, ஈர மணல் பரப்பி அதன்மேல் உட்கார வையுங்கள்.

பனைநார்:
முதலில் படுக்கை. தரையில் பாய் விரித்தால் எவ்வளவு தண்ணீர் தெளித்தாலும் முதுகுக்குச் சூடு வரும். கயிற்றுக் கட்டில் போட்டால் அடியிலும் காற்று ஓடும். மேலே கோரைப்பாய், அதன்மேல் ஒரு பருத்திப் போர்வை. மெத்தை வேண்டாம், பகலில் கீழே சூடேறிய பஞ்சு பாதி ராத்திரி வரை சூட்டை வைத்திருக்கும்.

கட்டிலைக் கைப்பிடிச் சுவரோடு ஒட்டிப் போடவே கூடாது. மூன்றடிச் சுவர், ஒன்றரை அடிக் கட்டில்: மேலே ஏறி நிற்கும் எட்டு வயதுப் பிள்ளைக்கு மிஞ்சுவது ஒன்றரை அடிச் சுவர்தான். ஆறடியாவது தள்ளுங்கள்.

கொசுவலைக்கு ஆணி தேட வேண்டாம். ஐந்தடி மூங்கில் கம்பு நான்கு. தலைமாட்டில் இரண்டைப் பெருக்கல் குறி போலக் குறுக்காகக் கட்டில் கால்களில் கட்டுங்கள், கால்மாட்டில் இரண்டு. வலையை மேலே மாட்டி, நாலு பக்கமும் பாய்க்கு அடியில் செருகுங்கள். பலரும் தவறவிடுவது வலையின் அகலம். வலை உடம்பில் ஒட்டினால் கொசு வெளியே உட்கார்ந்தே கடிக்கும். பக்கத்துக்கு முக்கால் அடி இடைவெளி இல்லையென்றால் வலை இருந்தும் இல்லாததுதான். மாடியில் காற்று தள்ளும் என்பதால் இது வீட்டுக்குள்ளைவிட முக்கியம்.

கொசு உங்கள் மாடியிலேயே பிறக்கிறதா என்றும் பாருங்கள்: தொட்டி மூடி, பூந்தொட்டித் தட்டு, மூலையில் கிடக்கும் கொட்டாங்கச்சி. முட்டை கொசுவாக ஒரு வாரம், பத்து நாள்தான். வாரம் ஒரு முறை எல்லாவற்றையும் கவிழ்த்துக் காயவிட்டால் அந்தச் சுற்று அறுந்துபோகும்.

வைகைக்கரை:
மிக்க நன்றி. கீழேயிருந்து ஒயர் இழுத்து டேபிள் ஃபேன் வைக்கலாமா?

பனைநார்:
ஈரத் தரையில் எக்ஸ்டென்ஷன் பெட்டி வேண்டவே வேண்டாம். பனை விசிறி இரண்டு வாங்குங்கள். இன்னொன்று, மே மாதத்தில் கோடை மழை சொல்லாமல் வரும். இடிச் சத்தம் காதில் விழுந்தாலே, மழை இல்லாவிட்டாலும், எல்லோரும் கீழே இறங்கிவிட வேண்டும். மின்னலுக்கும் இடிக்கும் நடுவே மூன்று விநாடி என்றால் அது ஒரு கிலோமீட்டரில் இருக்கிறது.

துருவன்:
பிள்ளைகள் என்ன பார்ப்பார்கள் என்ற கேள்விக்கு வருகிறேன். விளக்கை அணைத்துவிட்டு இருபது நிமிடமாவது பேசாமல் படுத்திருக்கச் சொல்லுங்கள். கண் இருட்டுக்குப் பழக அவ்வளவு நேரம் ஆகும். நடுவில் ஒரு முறை டார்ச் அடித்தாலும் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

மே நடுவில், இரவு ஒன்பது மணிக்கு வடக்கே பாருங்கள். பாதி உயரத்தில் சப்தரிஷி மண்டலம் (நாலு நட்சத்திரம் கட்டமாக, மூன்று வாலாக) கவிழ்ந்து கிடக்கும். வால் நுனியிலிருந்து இரண்டாவது நட்சத்திரம் வசிட்டர். ஒட்டினாற்போல் மங்கலாக அருந்ததி. கல்யாணத்தில் பகலில் கைகாட்டுகிறோமே, அதை நிஜமாகப் பார்க்க இதுதான் காலம். அப்பத்தாவிடம் இந்தப் பகுதியை விட்டுவிடுங்கள். அவர் சொன்னால்தான் பிள்ளைகள் கேட்பார்கள்.

வாலின் வளைவை அப்படியே கிழக்கே நீட்டினால் செம்மஞ்சளாக ஒன்று வரும், அது சுவாதி. இன்னும் நீட்டினால் தெற்கே சாய்ந்து வெண்மையாகச் சித்திரை. பஞ்சாங்கத்தில் வாசிக்கிற பெயர்கள் வானத்தில் உட்கார்ந்திருப்பதைப் பிள்ளைகள் ஒரு முறை கண்டுவிட்டால் தாங்களே தேட ஆரம்பிப்பார்கள். வீட்டில் யாருக்காவது சித்திரையோ கேட்டையோ ஜன்ம நட்சத்திரம் என்றால் அங்கிருந்து தொடங்குங்கள்.

ஒன்பதரைக்குத் தெற்கே திரும்புங்கள். கையை நீட்டி முஷ்டி பிடித்தால் ஒரு முஷ்டி ஏறத்தாழ பத்து டிகிரி. அடிவானத்துக்கு மேல் இரண்டு முஷ்டி உயரத்தில் நாலு நட்சத்திரம் சிலுவையாக நிற்கும். நம்மவர்கள் அதைத் திரிசங்கு என்கிறார்கள். டில்லியில் இது அடிவானத்தைத் தொட்டும் தொடாமலும் இருக்கும், மதுரைக்காரர்களுக்கு வசதி. அதே முஷ்டியால் வடக்கே ஒன்று வைத்தால் துருவ நட்சத்திரம். ஊரின் அட்சரேகை எவ்வளவோ அவ்வளவு உயரம். தூசி இருந்தால் அது தெரியாது, கவலை வேண்டாம். பத்து மணிக்குத் தென்கிழக்கில் சிவப்பாகக் கேட்டை, கூடவே விருச்சிக ராசியின் தேள் வடிவம் முழுசாக ஏறும்.

கேட்க என்றால் இது ஒன்று: சுவாதியின் வெளிச்சம் நம்மிடம் வர 37 ஆண்டு. சித்திரைக்கு ஏறத்தாழ 250. இன்று கண்ணில் படுவது எந்த வருடம் கிளம்பியது, அப்போது வீட்டில் யார் பிறந்திருந்தார்கள், அப்பத்தாவுக்கு என்ன வயசு என்று கணக்குப் போடச் சொல்லுங்கள். பேச்சு அதற்குமேல் தானாக நடக்கும். பௌர்ணமிக்கு நாலு நாள் முன்னும் பின்னும் நட்சத்திரத்தை விட்டுவிடுங்கள், அது நிலாச்சோற்றுக்கான நாட்கள். தயிர்சாதம் புளிக்காமல் இருக்க, குழைய வடித்த ஒரு டம்ளர் அரிசிக்கு இரண்டு டம்ளர் பால், ஆறிய பிறகு கால் டம்ளர் தயிர்.

வைகைக்கரை:
அப்பத்தாவுக்கு உத்திரட்டாதி. அது தெரியுமா?

துருவன்:
மே மாதத்தில் அது விடியலுக்கு முன் கிழக்கில்தான். நாலரைக்கு அப்பத்தா எப்படியும் எழுந்திருப்பார், பிள்ளைகளை அவரே எழுப்பட்டும்.

தட்டோடு:
நாலரைக்கு எழுந்தவர்கள் திரும்பப் படுத்துக்கொள்ள ஒரு யோசனை. சூரியன் ஆறு மணிக்குச் சற்று முன்னால், கிழக்குக்குக் கொஞ்சம் வடக்கே தள்ளி வரும். மாடிப்படி அறைக்கு மேற்கே கட்டில் போட்டால் அறையின் நிழல் ஏழு மணி வரை விழும். ஆனால் அந்த அறையின் மேற்குச் சுவர் சாயங்கால வெயிலை வாங்கியது, ராத்திரி சூடு அடிக்கும். எட்டடி தள்ளிப் போடுங்கள். ஐந்தரைத் தண்ணீரில் ஒரு செம்பை அந்தச் சுவருக்கும் அடியுங்கள்.