பாராமகால் ஆவணங்களை எப்படி வாசிப்பது? மன்றோவும் பேரரசை எழுதிய வரலாற்றாசிரியர்களும்

கேள்வி: பாலக்கோடு மாணவி

அனைவருக்கும் வணக்கம். நான் முதுகலை வரலாறு பயில்கிறேன். இன்றைய தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்து நிலப்பகுதியான பாராமகாலில் 1792 முதல் 1799 வரை கும்பினியார் (ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியார்) செய்த நிலவரி ஏற்பாட்டைப் பற்றி ஆய்வேடு எழுத எண்ணியிருக்கிறேன். அந்த ஏற்பாட்டில் பணியாற்றிய கும்பினி அதிகாரி தாமஸ் மன்றோவுக்குத் தருமபுரியில் உள்ள நினைவுத்தூணைச் சிறுவயது முதல் பார்த்து வளர்ந்தவள் நான். உழவன் பெயரிலேயே பட்டா எழுதிக்கொடுத்த துரை என்றுதான் எங்கள் வீட்டுப் பெரியவர்கள் அவரைச் சொல்வார்கள். நூலகத்தில் படிக்கத் தொடங்கியபோதோ, ஒரு நூல் அவரைக் குடியானவர்களின் காவலராகவும், மற்றொரு நூல் காலனிய அரசைத் திட்டமிட்டுக் கட்டியவராகவும் காட்டுகிறது. இரண்டு நூல்களும் பெரும்பாலும் ஒரே கடிதங்களையும் ஒரே வருவாய் அறிக்கைகளையும் சான்றாகக் காட்டுவதுதான் எனக்குப் புரியவில்லை. ஒரே தாளிலிருந்து இவ்வளவு மாறுபட்ட முடிவுகள் எப்படி வருகின்றன? நான் எங்கிருந்து தொடங்க வேண்டும்?

மறுமொழி: ஊத்தங்கரை ஆசிரியர் (பணி ஓய்வு)

அம்மா, அந்தத் தாள்களை யார், யாருக்கு, எதற்காக எழுதினார்கள் என்பதிலிருந்து தொடங்குங்கள். 1792 சீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி திப்பு சுல்தான் பாராமகாலை விட்டுக்கொடுத்தபோது, அதன் நிர்வாகம் கேப்டன் அலெக்சாண்டர் ரீடு என்ற படை அதிகாரியிடம் ஒப்படைக்கப்பட்டது. அவருக்கு உதவியாளர்களாக வந்த மன்றோ, மெக்லியோட், கிரஹாம் ஆகிய மூவரும் படையைச் சேர்ந்தவர்களே. சென்னையிலிருந்த குடிமை அதிகாரிகளில் பெரும்பாலோருக்கு நாட்டு மொழி தெரியாது என்பதாலேயே தலைமை ஆளுநர் கார்ன்வாலிஸ் பிரபு படையினரைத் தேர்ந்தார். இவர்களின் வருவாய் அறிக்கைகள் சென்னை வருவாய் வாரியத்துக்குப் போய்ச் சேர்ந்தன. வங்காளத்தில் ஜமீன்தார்களோடு நிலையான வரி ஏற்பாடு 1793இல் முடிவான அதே ஆண்டுகளில், இங்கே ஒவ்வொரு குடியானவனோடும் தனித்தனியாகக் கணக்கு முடிப்பதே (இதுவே பின்னர் ரயத்துவாரி முறை எனப்பட்டது) சிறந்தது என்று மேலிடத்தை இணங்கவைக்க வேண்டிய நிலை அவர்களுக்கு இருந்தது. ரீடு முதலில் நீண்டகாலக் குத்தகையை விரும்பியவர். பிறகுதான் ஆண்டுக்காண்டு கணக்கு முடிக்கும் முறைக்கு வந்து சேர்ந்தார். எனவே நிலத்தையும் விளைச்சலையும் குடிகளின் இயல்பையும் விவரிக்கும் பக்கங்களும் ஒரு கட்சிக்காக வாதாடும் பக்கங்களே என்பதை நினைவில் வையுங்கள்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இந்தத் தாள்களிலிருந்து சென்னை அரசு 1907 முதல் தொகுத்து அச்சிட்ட பகுதிகளைத்தான் நாம் இன்று எளிதில் படிக்கிறோம். எழுதியபோது ஒரு முறையும் அச்சுக்குத் தேர்ந்தபோது மற்றொரு முறையும் சலித்து வந்த செய்திகள் அவை.

இனி உங்கள் புதிருக்கு வருகிறேன். மன்றோவின் வாழ்க்கை வரலாற்றை 1830இல் கிளெய்க் எழுதி, அவருடைய கடிதங்களையும் சேர்த்து வெளியிட்டார். குடிகளிடம் பரிவுள்ள ஆட்சியாளர் என்ற உருவம் அந்நூலால் நிலைபெற்றது. அதன்பின் 1902இல் ரமேஷ் சந்திர தத் இந்தியாவின் பொருளாதார வரலாற்றை எழுதியபோது, காலனியச் சுரண்டலைக் கடுமையாகக் கண்டித்த அவரே மன்றோவைப் புகழ்ந்தார். பிற்கால அரசு வரியை உயர்த்திக்கொண்டே போனதைக் கண்டிக்க, வரி அளவோடு நிலைத்திருக்க வேண்டும் என்ற பழைய வாக்குறுதி அவருக்குத் தேவைப்பட்டது. 1989இல் வரலாற்றாசிரியர் பர்ட்டன் ஸ்டெய்ன் வேறொரு கேள்வியோடு அதே கடிதங்களைப் படித்தார். பாளையக்காரர் முதலிய இடைநிலை அதிகாரங்களை ஒழித்து, அரசு நேராகக் குடியின் வாசலுக்கு வருவதே மன்றோவின் நோக்கம் என்றும், திப்பு தொடங்கிய மையப்படுத்தலை ஒருவகையில் அவர் தொடர்ந்தார் என்றும் காட்டினார். மூவரின் மேற்கோள்களும் சரியானவைதாம். அவர்கள் கேட்ட கேள்விகள் வேறு.

மறுமொழி: கிருஷ்ணகிரி ஆய்வாளர்

ஆசிரியர் ஐயா கூறியதை ஏற்கிறேன். ஆயினும் கிளெய்க், தத், ஸ்டெய்ன் மூவருமே மன்றோவைத் தங்கள் கதையின் நடுவில் நிறுத்திவிடுகிறார்கள் என்பது என் கருத்து. வரி கட்டியவர் எங்கே?

பேரரசுகளைப் பற்றிய எழுத்து முழுவதிலும் இந்தக் குறை நெடுநாள் இருந்தது. இந்தியாவுக்கு ஒருமுறையும் வராத ஜேம்ஸ் மில் 1817இல் இந்திய வரலாற்றை எழுதி, இந்து, முஸ்லிம், ஆங்கிலேயர் என்று காலத்தை வெட்டிவைத்தார். பாடநூல்கள் அந்தப் பிரிவினையிலிருந்து விடுபடப் பல தலைமுறைகள் ஆயின. ஆங்கிலேயப் பொருளியலறிஞர் ஹாப்சன் 1902இல் முதலீட்டாளர்களின் நலனே பேரரசை விரிக்கிறது என்றார். வரலாற்றாசிரியர்கள் கல்லஹரும் ராபின்சனும் 1953இல், நாட்டைக் கைப்பற்றாமலே வணிகத்தால் ஆளுகின்ற பேரரசும் உண்டு என்று விவாதத்தைத் திருப்பினார்கள். இவை முக்கியமான வாதங்கள். ஆனாலும் பெரும்பாலும் லண்டனில் யார் என்ன எண்ணினார்கள் என்பதிலேயே அவை நின்றன.

ரணஜித் குஹா 1983இல் எழுதிய கட்டுரை உங்களுக்கு நேரடியாகப் பயன்படும். நிகழ்ச்சி நடந்தபோதே அதிகாரி எழுதும் கடிதம், பிறகு ஓய்வாக எழுதப்படும் நினைவுக்குறிப்பு, வெகுகாலம் கழித்து வரலாற்றாசிரியர் எழுதும் நூல் என்ற மூன்று அடுக்குகளை அவர் பிரித்துக் காட்டுகிறார். அதிகாரியின் பார்வை மூன்றாவது அடுக்கு வரை, ஆட்சியை எதிர்ப்பவர்களின் எழுத்துக்குள்ளும், கலைக்கப்படாமல் வந்து சேர்கிறது என்கிறார். அவர் ஆராய்ந்தவை கிளர்ச்சிகள். ஆனாலும் வருவாய்த் தாளுக்கும் அது பொருந்தும்.

குடியின் குரல் கேட்கும் அரசு ஆவணம் ஒன்று உண்டு. வரி வசூலில் நடந்த சித்திரவதைகளை விசாரித்த சென்னை மாகாண ஆணையம் 1855இல் அளித்த அறிக்கை அது. விரல்களைக் கட்டைகளுக்கிடையே நெரிக்கும் கிட்டியும், உடலை வளைத்துக் கயிற்றால் கட்டும் அண்ணாந்தாளும் அதில் நம் சொற்களாலேயே பதிவாகியுள்ளன. ரயத்துவாரி முறையில் அரசும் குடியும் நேருக்கு நேர் நின்றதாக எழுதும் நூல்களை, இந்த அறிக்கையை அருகில் வைத்துக்கொண்டு படியுங்கள். நடுவில் நின்ற கீழ்நிலை வருவாய்ப் பணியாளர்கள் அப்போது கண்ணுக்குத் தெரிவார்கள். அதேவேளை எல்லாத் துன்பத்தையும் கும்பினி ஆட்சியே படைத்தது என்ற எளிய முடிவுக்கும் போய்விடாதீர்கள். நிலமற்ற உழைப்பாளர்கள் தென்னிந்தியாவில் அந்த ஆட்சிக்கு முன்பே பெருமளவில் இருந்தார்கள் என்று பொருளாதார வரலாற்றாசிரியர் தர்மா குமார் 1965இல் காட்டியதையும் ஆய்வேடு எதிர்கொள்ள வேண்டும். பட்டா பெற்றவர் யார், பெறாதவர் யார் என்ற கேள்வி அங்கேதான் எழுகிறது.

மறுமொழி: காவேரிப்பட்டணம் வாசகர்

நான் வரலாறு படித்தவன் அல்லன்; ஆனால் மாணவி தேர்ந்த கால எல்லையைப் பற்றி ஒன்று சொல்ல விரும்புகிறேன். எங்கள் பக்கத்து முதியவர்கள் இன்றும் ‘மிட்டா’, ‘மிட்டாதார்’ என்று பேசுவார்கள். வங்காளத்து நிலையான வரி ஏற்பாட்டை இங்கும் கொண்டுவந்த 1802ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பின், மன்றோவும் ரீடும் வரி ஏற்பாடு செய்த இதே நிலத்தைக் கும்பினியார் மிட்டாக்கள் என்ற தொகுதிகளாகப் பிரித்து, வரி கட்டும் பொறுப்போடு ஏலத்தில் விற்றார்கள்; வாங்கியவர்களே மிட்டாதார்கள். மிட்டாதார்களில் பலர் பணம் கட்ட முடியாமல் விழுந்தபின் நிலங்கள் மீண்டும் ரயத்துவாரிக்கு வந்தன. 1799இல் நிறுத்தினால், பாராமகாலில் பிறந்த ரயத்துவாரி நேராக வளர்ந்து 1820இல் மன்றோ ஆளுநரானதும் மாகாணமெங்கும் பரவியது என்ற கதையையே தாங்களும் எழுதிவிடுவீர்கள். மேலும், ஓசூர், தேன்கனிக்கோட்டைப் பகுதி 1799இல்தான் கும்பினியிடம் வந்தது. இன்றைய கிருஷ்ணகிரி மாவட்டம் முழுவதையும் பாராமகால் என்று எழுதிவிட வேண்டாம்.

கேள்வி கேட்டவர்: பாலக்கோடு மாணவி

மூவருக்கும் நன்றி. மிட்டா என்ற சொல்லை நான் கேட்டிருக்கிறேன். ஆனால் அதை மன்றோவோடு சேர்த்து ஒருநாளும் எண்ணிப் பார்த்ததில்லை. கால எல்லையை 1820 வரை நீட்டிக்க வழிகாட்டியிடம் அனுமதி கேட்கப் போகிறேன். அடுத்த மாதம் எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்குச் சென்று, சேலம் ஆட்சியரின் பழைய கடிதங்களில் மிட்டா ஏலம் பற்றியவற்றை முதலில் தேடலாம் என்று இருக்கிறேன். ஆசிரியர் ஐயா, அச்சுத் தொகுப்பில் ஒரு கடிதம் சேர்ந்து, அதற்கு வந்த பதில் விடுபட்டிருந்தால் அதை எந்தப் பதிவேட்டின் வழியாகக் கண்டுபிடிப்பது என்று தாங்கள் சொன்னால் மிகவும் உதவியாக இருக்கும்.

மறுமொழி: ஊத்தங்கரை ஆசிரியர் (பணி ஓய்வு)

கடிதத்தின் தேதியைக் குறித்துக்கொண்டு, அதற்கடுத்த சில மாதங்களின் வருவாய் வாரிய நடவடிக்கைத் தொகுதிகளைக் கேளுங்கள். வாரியம் ஒரு கடிதத்தை எடுத்துக்கொண்டால் தன் முடிவையும் அங்கேயே பதிந்திருக்கும். தொகுதிகள் பெரியவை, கையெழுத்து நெருக்கமானது. ஒரு வாரமாவது தங்கும்படி ஏற்பாடு செய்துகொள்ளுங்கள், அம்மா.