1940 பிரிட்டன் வான்போர்: ராடாரில் கண்ட செய்தி விமானியை எப்படிச் சென்றடைந்தது?

கேள்வி

1940ஆம் ஆண்டுக் கோடையில் நடந்த பிரிட்டன் வான்போரைப் பற்றி நான் படித்த கட்டுரைகள் பெரும்பாலும் ஸ்பிட்ஃபயர் விமானத்தையும் ராடாரையும் புகழ்வதோடு நின்றுவிடுகின்றன. கடற்கரை ராடார் நிலையத்தில் ஒருவர் கண்ட செய்தி, 15,000 அடி உயரத்தில் பறந்துகொண்டிருக்கும் விமானிக்கு எந்த வழியாகச் சென்றது என்பதை அவை விளக்குவதில்லை. அப்போது ஜெர்மனியிடமும் ஃப்ரேயா என்ற தரமான ராடார் இருந்தது. அப்படியானால் வேறுபாடு எங்கே இருந்தது? டோவர் அருகே ஆங்கிலக் கால்வாயைக் கடக்க ஒரு குண்டுவீச்சு விமானத்துக்குச் சில நிமிடங்களே தேவை என்பதால், அந்த நேரத்துக்குள் யார் யாருக்கு என்ன சொன்னார்கள் என்பதை அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1

வேறுபாடு கருவியில் இல்லை, கருவிக்குப் பின்னால் இருந்த தொலைபேசிக் கம்பிகளிலும் அறைகளிலும்தான் இருந்தது என்பதே என் உறுதியான கருத்து. 1936 ஜூலையில் பிரிட்டிஷ் விமானப் படையின் போர் விமானப் பிரிவான ஃபைட்டர் கமாண்ட் அமைக்கப்பட்டபோது அதன் முதல் தலைமைத் தளபதியாகப் பொறுப்பேற்ற ஹியூ டவுடிங், போர் தொடங்குவதற்கு முந்தைய மூன்று ஆண்டுகளை இந்த அமைப்பைக் கட்டி எழுப்புவதிலேயே செலவிட்டார்.

செயின் ஹோம் எனப்பட்ட ராடார் நிலையங்கள் கடலை நோக்கி மட்டுமே பார்த்தன. ஒரே எதிரிக் கூட்டத்தை இரண்டு மூன்று நிலையங்கள் ஒரே நேரத்தில் காணும்போது, ஒவ்வொன்றும் இடத்தையும் உயரத்தையும் எண்ணிக்கையையும் சற்று வேறுபடுத்தியே சொல்லும். இவற்றை அப்படியே கீழே அனுப்பினால் ஒரு படையெடுப்பு மூன்றாகத் தெரியும். ஆகவே எல்லா அறிக்கைகளும் முதலில் லண்டனுக்கு வடமேற்கே ஸ்டேன்மோரில் இருந்த பென்ட்லி பிரையரி தலைமையகத்துக்கு வந்தன. அங்கே ஓர் அறையில் அவற்றை ஒப்பிட்டுச் சலித்து, நம்பத்தக்க ஒரே தடமாக்கி அதற்கு ஓர் எண்ணும் கொடுத்தார்கள். இந்தச் சலிப்பு வேலையைத்தான் நான் முழு அமைப்பின் இதயமாகக் கருதுகிறேன். சலித்தெடுத்த செய்தி அங்கிருந்து, நாட்டின் ஒவ்வொரு பெரும்பகுதியையும் காத்த குரூப் தலைமையகங்களுக்கும், அவற்றின் கீழ்ச் சிறு பகுதிகளைக் கவனித்த செக்டர் நிலையங்களுக்கும் தொலைபேசி வழியே ஒரே நேரத்தில் போனது.

செக்டர் அறையில் பெரிய மேசைமீது வரைபடம் விரிக்கப்பட்டிருக்கும். மகளிர் துணை விமானப் படையைச் சேர்ந்த பெண்கள் நீண்ட கோல்களால் அதன்மீது காய்களை நகர்த்துவார்கள். சுவரிலிருந்த கடிகாரத்தில் ஐந்து ஐந்து நிமிடங்களாகச் சிவப்பு, மஞ்சள், நீலம் எனப் பிரிவுகள் தீட்டப்பட்டிருந்தன. செய்தி வந்த நேரத்துக்குரிய நிறத்திலேயே அம்புக்குறியையும் வைப்பார்கள். மேலே அமர்ந்திருக்கும் கட்டுப்பாட்டு அதிகாரி, நிறத்தைப் பார்த்த மாத்திரத்தில் எந்தச் செய்தி புதியது, எது காலாவதியானது என்று அறிந்துகொள்வார். எதிரியை எந்த ஸ்குவாட்ரன் (விமான அணி) சந்திக்க வேண்டும் என்று குரூப் முடிவு செய்யும். அந்த ஸ்குவாட்ரனைக் கிளப்பி, வானொலியில் திசையும் உயரமும் சொல்லி எதிரி கண்ணில் படும்வரை அழைத்துச் செல்வது செக்டர் அதிகாரியின் பொறுப்பு.

20,000 அடி உயரத்துக்கு ஏற, ஹரிக்கேன் என்ற பிரிட்டிஷ் போர் விமானத்துக்கு ஏறத்தாழ 10 நிமிடங்கள் தேவைப்பட்டன. தரையில் காத்திருந்த விமானி ஓடிப்போய் ஏறிக் கிளம்பும் நேரம் தனி. எதிரி கால்வாயைக் கடந்தபின் புறப்பட்டால் பயனில்லை. பிரான்ஸின் வான்பரப்பில் அவர்கள் அணிவகுக்கத் தொடங்கும்போதே செய்தி கிடைத்ததால்தான், எந்நேரமும் வானில் காவல் சுற்றி எரிபொருளையும் விமானிகளையும் வீணாக்காமல், தென்கிழக்கு இங்கிலாந்தைக் காத்த 11ஆம் குரூப்பின் தளபதி கீத் பார்க்கால் தேவையான நேரத்தில் மட்டும் படையை மேலே அனுப்ப முடிந்தது.

மறுமொழி 2

நண்பர் மேலே எழுதியதை ஏற்கிறேன். அவர் தொடாத ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். எதிரி எங்கே என்று தெரிந்தால் மட்டும் போதாது, நம் விமானம் எங்கே என்றும் தெரிய வேண்டும். கரையைத் தாண்டி உள்ளே வந்துவிட்ட விமானத்தைச் செயின் ஹோம் காணாது. எதிரியைப் பொறுத்தவரை அந்த இடைவெளியை அப்சர்வர் கோர் தன்னார்வலர்கள் தங்கள் கண்களாலும் காதுகளாலும் நிரப்பினார்கள். நம் விமானத்தைப் பொறுத்தவரை ‘பிப்-ஸ்க்வீக்’ என்ற எளிய ஏற்பாடு இருந்தது: விமானத்தின் வானொலி ஒவ்வொரு நிமிடத்திலும் 14 விநாடிகள் தானாகவே ஒலி எழுப்பும், தரையில் மூன்று நிலையங்கள் அந்த ஒலி வரும் திசையை அளந்து, மூன்று கோடுகளும் வெட்டும் இடத்தைக் குறிக்கும். 1936இல் பிகின் ஹில் விமானத் தளத்தில் நடந்த சோதனைகளின்போது, எதிரியை இடைமறிக்க எந்தத் திசையில் பறக்க வேண்டும் என்பதை இருசமபக்க முக்கோணத்தைக் கொண்டு கண்ணளவிலேயே கணிக்கும் வழியை விஞ்ஞானி ஹென்றி டிசார்ட் காட்டியிருந்தார். அதனால் நீண்ட கணக்கு எதுவும் போடாமல் அதிகாரிகளால் கட்டளையிட முடிந்தது.

நம்மவரை நம்மவர் என்று அறியாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு 1939 செப்டம்பர் 6ஆம் நாளே சான்று. அன்று தவறான எச்சரிக்கையால் கிளம்பிய ஹரிக்கேன்களில் இரண்டை ஸ்பிட்ஃபயர்கள் சுட்டு வீழ்த்தின. ஒரு விமானி உயிரிழந்தார். பிரிட்டிஷ் ஃபைட்டர் விமானி ஒருவர் இந்தப் போரில் பலியானது அதுவே முதல்முறை என்பதை நினைக்கும்போது இன்றும் வேதனையாக இருக்கிறது.

கேள்வி கேட்டவர்

விளக்கங்களுக்கு மிக்க நன்றி. இவ்வளவு கம்பிகளையும் அறைகளையும் நம்பிய அமைப்பை ஜெர்மானியர் ஏன் நேராகத் தாக்கி உடைக்கவில்லை? இரவிலும் இதே முறை பயன்பட்டதா?

மறுமொழி 3

தாக்கினார்கள், ஆனால் தொடரவில்லை. 1940 ஆகஸ்ட் 12 அன்று டோவர், ரை, பெவன்சி, வென்ட்னர் ராடார் நிலையங்கள் தாக்கப்பட்டன. வென்ட்னர் பல நாட்கள் செயலற்றுக் கிடந்தது. மற்றவை விரைவிலேயே மீண்டும் இயங்கின. இரும்புச் சட்டங்களால் ஆன கோபுரங்களைக் குண்டுவீச்சின் அதிர்ச்சி எளிதில் சாய்க்கவில்லை. மூன்று நாட்களுக்குப்பின் ஜெர்மன் விமானப் படைத் தலைவர் கோரிங், இத்தகைய தாக்குதல்களால் பயன் உண்டா என்று ஐயுற்று அவற்றைக் கைவிடும் பக்கம் சாய்ந்தார். செக்டர் நிலையங்கள் பட்ட பாடு இதைவிடக் கடுமையானது. ஆகஸ்ட் இறுதியில் பிகின் ஹில் மீண்டும் மீண்டும் தாக்கப்பட்டுத் தொலைபேசி இணைப்புகள் அறுந்தன. கென்லி நிலையத்தின் கட்டுப்பாட்டு அறை கேட்டரம் ஊரில் ஓர் இறைச்சிக் கடைக்கு இடம் மாறியது. குண்டுகள் விழுந்தபோதும் இடத்தைவிட்டு அகலாத பிகின் ஹில் பெண்கள் மூவருக்கு மிலிட்டரி மெடல் வழங்கப்பட்டது. செப்டம்பர் 7 அன்று தாக்குதல் லண்டன் நகரத்தின்மேல் திரும்பியதால் இந்த நிலையங்களுக்கு மூச்சுவிட நேரம் கிடைத்தது. வென்றவர்களின் திறமையோடு எதிரியின் இந்தத் தவறான முடிவையும் சேர்த்தே எண்ண வேண்டும் என்று நினைக்கிறேன்.

இரவில் இந்த அமைப்பு ஏறக்குறைய பயனற்றுப் போனது. உள்நாட்டில் கண்ணால் பார்த்துச் சொல்பவர்களால் இருட்டில் எதையும் காண முடியவில்லை. சில மைல்கள் வரை பிழை இருந்தாலும் பகலில் விமானி கண்ணால் தேடிப் பிடித்துவிடுவார், இரவில் அது நடக்காது. சென்னை மாகாணத்தின் நிதியுதவியால் ‘மெட்ராஸ் பிரசிடென்சி’ என்ற பெயரைப் பெற்ற 264ஆம் ஸ்குவாட்ரனும், பகல் போரில் பேரிழப்பைச் சந்தித்தபின் தன் டிஃபயன்ட் விமானங்களுடன் அந்தக் குளிர்காலத்தில் இரவுக் காவலில் ஈடுபட்டது. 1941இன் தொடக்கத்தில் உள்நாட்டையும் சுற்றிப் பார்க்கும் சுழல் ராடார் நிலையங்கள் வரத் தொடங்கின. அங்கே ஓர் அதிகாரி திரையில் எதிரியையும் தம் விமானத்தையும் ஒருசேரக் கண்டு நேரடியாக வழிகாட்டினார். பியூஃபைட்டர் என்ற இரவுப் போர் விமானம் தன்னுள் இருந்த சிறிய ராடாரால் கடைசி இரண்டு மூன்று மைல்களைத் தானே தேடிக் கடந்தது. அந்த ஆண்டு வசந்த காலத்தில்தான் இரவில் வீழ்த்தப்பட்ட குண்டுவீச்சு விமானங்களின் எண்ணிக்கை குறிப்பிடத்தக்க அளவில் உயர்ந்தது.

மறுமொழி 4

இலங்கை வாசகர்களுக்காக ஒரு குறிப்பு. 1942 ஏப்ரல் 5 அன்று கொழும்பை ஜப்பானியர் தாக்கியபோது, எதிரிக் கப்பற்படை வருவதை முந்தைய நாளே கட்டலினா என்ற கடல் கண்காணிப்பு விமானம் ஒன்று கண்டு அறிவித்திருந்தும், இரத்மலானையிலிருந்த ஹரிக்கேன் விமானிகள் எதிரி தலைக்குமேல் வந்தபின்பே கிளம்ப நேர்ந்தது. நான்கு நாட்களுக்குப்பின் திருகோணமலையில் ராடார் முன்கூட்டியே எச்சரித்ததால் ஹரிக்கேன்கள் முன்னதாகவே வானில் இருந்தன. விமானமும் விமானியும் ஒரே தரத்தில் இருந்தும் இரண்டு நாட்களின் போக்கும் மாறுபட்டது, மறுமொழி 1 சொல்லும் கருத்துக்கு நம் ஊர்ச் சான்று. ஆனால் திருகோணமலையிலும் எதிரியின் எண்ணிக்கை மிகப் பெரிதாக இருந்ததால், எச்சரிக்கை கிடைத்தும் துறைமுகமும் சீனன்குடா விமானத் தளமும் கடும் சேதம் அடைந்தன.