மார்க் இருந்தும் போலீஸ் வேலை கிடைக்கவில்லை, கேஸ் போடலாமா?

சாட்ஸ்வொர்த் மாமா:
வணக்கம். இங்கே தென்னாப்பிரிக்காவில் என் அக்கா மகள் போலீஸ் வேலைக்கு விண்ணப்பித்திருந்தாள். எந்தத் துறை என்று இங்கே போட வேண்டாம் என்கிறாள், சரி. எழுத்துத் தேர்வு, ஓட்டம், நேர்முகம் எல்லாம் முடிந்து தேர்வுக்குழுவின் பட்டியலில் முதல் பெயர் இவளுடையதுதான் என்று உள்ளே இருப்பவரே சொன்னார். அப்புறம் பார்த்தால் பின்னால் இருந்தவர்களுக்கு அழைப்பு போய்விட்டது, இவளுக்கு ஒரு வரியில் வருந்துகிறோம் என்ற கடிதம். இரண்டு வருஷமாக விடியற்காலையில் எழுந்து ஓடிய பிள்ளை, இப்போது அறையை விட்டு வெளியே வருவதில்லை. மார்க் அதிகம் என்பதை வைத்து கோர்ட்டில் ஜெயிக்க முடியுமா?

பீனிக்ஸ் வாசி:
மார்க்கை மட்டும் பிடித்துக்கொண்டு போனால் கஷ்டம், அண்ணா. பர்னார்ட் வழக்கைத் தேடிப் படியுங்கள். தேசிய போலீசில் வெள்ளைக்காரப் பெண் கேப்டன், 2005-ல் சூப்பரின்டெண்டன்ட் பதவிக்கான நேர்முகத்தில் முதலிடம், குழுவும் சிபாரிசு செய்தது, ஆனாலும் அந்தப் படிநிலையில் வெள்ளையர் ஏற்கெனவே அதிகம் என்று கொடுக்கவில்லை. லேபர் கோர்ட்டில் ஜெயித்தார், மேல்முறையீட்டில் தோற்றார், அதற்கும் மேலே போய் மறுபடி ஜெயித்தார், கடைசியில் 2014 செப்டம்பரில் அரசியலமைப்பு நீதிமன்றத்தில் தோற்றார். நிறவெறி ஆட்சியின் பழைய அநியாயத்தால் ஒதுக்கப்பட்டவர்களை முன்னுக்குக் கொண்டுவரும் திட்டத்தை அரசியலமைப்பின் 9(2) பிரிவே அனுமதிக்கிறது, முதலிடம் வந்ததாலேயே பதவி உரிமையாகிவிடாது.

ஆனால் நம்மவர் ஒருவரின் வழக்கும் இருக்கிறது. இந்திய வம்சாவளிப் பெண் போலீஸ் அதிகாரி, உயர்பதவி கேட்டார். பெண்களுக்கான இடங்களை நாட்டு மக்கள்தொகையில் இந்தியர்களின் விகிதமான இரண்டரை சதவீதத்தால் பெருக்கியபோது ஒன்றுக்கும் மிகக் கீழான தசமம்தான் வந்தது. அதை பூஜ்யமாக்கிவிட்டார்கள். அதாவது அந்தப் படிநிலையில் எந்த இந்தியப் பெண்ணும் எவ்வளவு திறமையிருந்தாலும் நுழையவே முடியாது. 2013-ல் லேபர் கோர்ட் இதை நியாயமற்ற பாகுபாடு என்றது. அதனால் பிள்ளைக்கு என்ன கணக்குப் போட்டார்கள் என்பதுதான் முதலில் தெரிய வேண்டும்.

மாரிட்ஸ்பர்க் தாத்தா:
அந்தத் திட்டத்தையே தப்பு என்று சொல்லிவிடாதீர்கள். என் அப்பா இருபது வருஷம் போலீசில் இருந்தார், மேலே போக விடவே இல்லை, அப்போது தோல் நிறம்தான் மார்க். அதைச் சரிசெய்ய ஒரு சட்டம் வேண்டாமா? பூஜ்யம் போடுவதைத்தான் நான் எதிர்க்கிறேன். 1998-ன் வேலை சமத்துவச் சட்டம் எண்ணிக்கை இலக்கு வைக்கலாம், மாற்றமுடியாத கட்டாய எண்ணிக்கையான கோட்டா வைக்கக் கூடாது என்கிறது, அந்த வித்தியாசத்தில்தான் இந்த வழக்கே நிற்கும்.

டொங்காட் அக்கா:
நான் யூனியனில் இருந்தவள், நடைமுறையைச் சொல்கிறேன். பாகுபாடு புகாரை, வேலைத் தகராறுகளைத் தீர்க்கும் அமைப்பான சி.சி.எம்.ஏ.விடம் ஆறு மாதத்துக்குள் கொடுக்க வேண்டும், கட்டணம் இல்லை. ஏற்கெனவே வேலையில் இருப்பவர் பதவி உயர்வு பற்றிக் கொடுக்கும் புகாருக்கு 90 நாள்தான், உங்கள் பிள்ளை புது விண்ணப்பதாரர், அந்த வழி அவளுக்கு இல்லை, வேலை தேடுபவருக்கும் பாதுகாப்பு தரும் சமத்துவச் சட்டத்தின் வழியாகத்தான் போக வேண்டும். கடிதத் தேதியை இன்றே குறித்து வையுங்கள்.

கூடவே தகவல் அறியும் சட்டப்படி மார்க் பட்டியல், குழுவின் சிபாரிசு, நியமனக் காரணம், இலக்கு அட்டவணை நான்கையும் எழுத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். உள்ளே இருப்பவர் சொன்னார் என்பது எங்கேயும் எடுபடாது, அவர் வேலைக்கும் ஆபத்து.

இன்னொன்று. 2016-ல் சிறைத்துறை வழக்கில் அரசியலமைப்பு நீதிமன்றம் நாட்டு விகிதத்தை மட்டும் பார்த்தது தப்பு, மாகாண விகிதத்தையும் பார்த்திருக்க வேண்டும் என்றது. நம் மாகாணமான குவாசுலு நட்டாலில் நாம் இரண்டரை சதவீதத்தைவிடப் பல மடங்கு இருக்கிறோம். ஆனால் அது வேலை சமத்துவச் சட்டத்தின் பழைய வாசகத்தின் மேல் வந்த தீர்ப்பு, அந்த வாசகம் இப்போது இல்லை, வக்கீலிடம் காட்டாமல் எடுக்காதீர்கள்.

சாட்ஸ்வொர்த் மாமா:
எல்லோருக்கும் நன்றி. கடிதம் வந்து நான்கு மாதம் ஆகிவிட்டது, இன்னும் இரண்டுதான் கையில். இதை அவளிடம் படித்துக் காட்டினேன், புகார்ப் படிவத்தை அவளே நிரப்புகிறாள்.