'இன்டெலிகென்ட்சியா'வுக்குத் தமிழ்ச்சொல்: வெள்ளிக்குள் வேண்டும்

மடல் 1: ஆசிரியை, மதுரை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். முதுகலை வரலாற்று மாணவர்களுக்காக 19ஆம் நூற்றாண்டு ரஷ்யச் சிந்தனை பற்றிய பாடம் ஒன்றை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகவேண்டும். நாலு நாளாக ஒரே சொல்லில் நிற்கிறேன்: 'இன்டெலிகென்ட்சியா', அதாவது படித்துச் சிந்தித்து ஆட்சியைக் கேள்வி கேட்ட ரஷ்யர் கூட்டம். 37 இடங்களில் வருகிறது. 'அறிவுஜீவிகள்' என்று எழுதி வகுப்பில் வாசித்துப் பார்த்தேன். "டிவி விவாதத்துக்கு வர்றவங்களா மேடம்?" என்று ஒரு மாணவி கேட்டாள். அவள் மேல் தப்பில்லை, அந்தச் சொல் தேய்ந்துவிட்டது. கூட்டத்துக்கு ஒரு சொல், தனி ஆளுக்கு ஒன்று, அந்தக் குணத்துக்கு ஒன்று, மூன்றும் ஒரே வேரிலிருந்து வந்தால் நல்லது.

மடல் 2: ஓய்வுபெற்ற மெய்ப்புத் திருத்துநர், சென்னை

அம்மா, மாஸ்கோ முன்னேற்றப் பதிப்பகத்துத் தமிழ்ப் புத்தகங்களைப் படித்து வளர்ந்தவன் நான். 'பண்ணையடிமை' என்றால் ரஷ்யக் கிராமம் கண்ணில் தெரிகிறது இல்லையா? அப்படி உழைத்து உண்டாக்கிய சொற்கள் இருக்கும்போது புதிதாக எதற்கு? 'அறிவுத்துறையினர்' என்று போட்டுவிடுங்கள். படிக்கிறவருக்கு உடனே புரியும்.

மடல் 3: ஆசிரியை, மதுரை

ஐயா, அந்தப் புத்தகங்களால்தான் நானும் ரஷ்யாவுக்குள் போனேன். ஆனால் 'துறை' என்றதும் தொழில் வந்துவிடுகிறது. ஸ்டாலின் காலத்துக்கு அது பொருந்தும். தொழிலாளர், உழவர் என்று இரண்டு வர்க்கம், நடுவில் மருத்துவர், பொறியாளர், ஆசிரியர் அடங்கிய ஓர் அடுக்கு என்று அப்போது கணக்கு வைத்தார்கள். என் பாடம் 1860களைப் பற்றியது. ரஷ்ய மன்னர் மகா பீட்டர் 1722இல் அரசுப் பணியை 14 படிகளாக அடுக்கினார். பிரபு, பாதிரி, வணிகர், உழவர் என்ற எந்தப் பிறப்புக் கட்டத்திலும் ஒட்டாமல் நின்றவர்களை 'ரஸ்னசீன்த்ஸி' என்றார்கள். நான் 'பல்தரத்தார்' என்று போட்டிருக்கிறேன். அந்நூற்றாண்டு எழுத்தாளர்களைப் பாருங்கள்: செர்னிஷேவ்ஸ்கியும் தப்ரல்யூபவும் பாதிரியார் பிள்ளைகள். பெலீன்ஸ்கி கடற்படை மருத்துவர் மகன். ஹெர்சனோ பெரும் பிரபு ஒருவருக்கு மணவுறவுக்கு வெளியே பிறந்தவர். இவர்களை ஒன்றாகக் கட்டியது தொழிலும் இல்லை, பிறப்பும் இல்லை. ஆட்சியைப் பார்த்து 'இது சரியில்லை' என்று சொல்லும் கடமை தமக்கு உண்டு என்ற எண்ணம்தான்.

இந்தச் சொல் பரவுவதற்கு முன்பே அதற்கு ஒரு முன்னோடி இருந்தார், சிந்தனையாளர் சாதாயெவ். 1836இல் 'டெலஸ்கோப்' இதழில் அவருடைய கடிதம் வந்தது. உலகத்துக்கு ரஷ்யா எதையும் கொடுக்கவில்லை என்று எழுதியிருந்தார். மன்னர் முதலாம் நிக்கலாய் அவரைச் சிறையில் போடவில்லை, பைத்தியம் என்று அறிவித்தார். வீட்டை விட்டு வெளியே போகக் கூடாது, மருத்துவர் வந்து பார்த்துவிட்டுப் போவார். இதழை மூடி, அதன் ஆசிரியரை ரஷ்யாவுக்குள்ளேயே ஒரு தொலைதூர ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். அப்படிப்பட்ட ஆளை 'அறிவுத்துறையினர்' என்று எழுத எனக்குக் கை வரவில்லை.

மடல் 4: பொறியாளர், யாழ்ப்பாணம்

அக்கா, மூலச்சொல்லையே வைத்துவிடலாமே. சோவியத், போல்ஷெவிக், சமோவார் எல்லாவற்றையும் அப்படியேதானே எழுதுகிறோம்? ரஷ்யர்களும் லத்தீன் வேர்ச்சொல்லைத்தான் எடுத்துத் தமதாக்கினார்கள். தமிழாக்கினால் அந்த வரலாறு போய்விடும்.

மடல் 5: தமிழாசிரியர், ஈரோடு

தம்பி, சமோவார் நாவில் நிற்கும், இது நிற்காது. 'ன்ட்ச்' என்று மூன்று மெய் அடுத்தடுத்து வருகிறது. தமிழில் மெய்யைத் தொடர்ந்து இரண்டு மெய் வரவேண்டுமானால் முன்னது ய, ர, ழ மூன்றில் ஒன்றாக இருக்கவேண்டும்: வேய்ங்குழல், ஆர்ப்பு, வாழ்க்கை. வடசொல்லை வடவெழுத்து நீக்கி எழுதச் சொல்லும் 'வடசொற் கிளவி வடவெழுத்து ஒரீஇ' என்ற தொல்காப்பிய நூற்பாவை ரஷ்யச் சொல்லுக்கும் நீட்டினால் 'இந்தெலிகெஞ்சியா' என்றாகும். ரஷ்ய ஒலி 'ஜ' இல்லை, 'க'தான் என்பது ஒரு ஆறுதல். ஆனால் அந்த வடிவத்தைப் பார்த்து எந்த ரஷ்யருக்கும் அடையாளம் தெரியாது.

அம்மா கேட்டதற்கு வருகிறேன். தொல்காப்பியத்தில் மணவாழ்க்கையைச் சொல்லும் கற்பியலில் 'அறிவர்' வருகிறார். நல்லதைச் சொல்வதும் அல்லதைக் கடிவதும் செவிலிக்கு, அதாவது வளர்ப்புத்தாய்க்கு, உரியது என்று சொல்லிவிட்டு, அது அறிவர்க்கும் உரியது என்கிறார் தொல்காப்பியர். அடுத்த நூற்பா: 'இடித்துவரை நிறுத்தலும் அவரது ஆகும்'. இடித்துரைத்து ஓர் எல்லையில் நிறுத்தும் உரிமை அறிவரிடம் இருக்கிறது. கிழவனும் கிழத்தியும், அதாவது தலைவனும் தலைவியும், அவர் சொல்லுக்குள் நிற்பார்கள் என்று காரணமும் சொல்கிறார். நீங்கள் சாதாயெவைப் பற்றி எழுதியதைப் படித்ததும் இதுதான் நினைவுக்கு வந்தது. நிக்கலாய் அந்த வரையில் நிற்க மறுத்த கிழவன். தனி ஆள் அறிவர், கூட்டம் அறிவர் குழாம், குணம் அறிவர்மை.

மடல் 6: மெய்ப்புத் திருத்துநர், சென்னை

அறிவர்மையைப் பிள்ளைகள் 'அறிவாண்மை' என்று திருத்திவிடுவார்கள், பார்த்துக்கொண்டே இருங்கள். அப்புறம், நிகண்டுகளில் அறிவன் என்றால் சமணர் வணங்கும் அருகன், அல்லது புத்தன். இன்றைக்குச் சிலர் முனைவருக்குப் பதிலாக 'அறிவர்' என்றும் பெயருக்கு முன்னால் போட்டுக்கொள்கிறார்கள். நாத்திகம் பேசிய செர்னிஷேவ்ஸ்கிக்கு அருகன் பெயரா? 'இடிப்பார்' என்றே வைக்கலாமே! 'இடிப்பாரை இல்லாத ஏமரா மன்னன்' என்று வள்ளுவரே சொல்கிறார்.

மடல் 7: ஆசிரியை, மதுரை

ஐயா, 'இடிப்பார்' என்றால் இன்று புல்டோசர்தான் ஞாபகம் வரும். 'அறிவர்' எனக்குப் பிடித்துவிட்டது. முனைவர் பொருளைத் தாங்கிக்கொள்வேன். செர்னிஷேவ்ஸ்கி பாதிரியார் மகன், குருமடத்தில் படித்தவர். கடவுளை விட்ட பிறகும் அந்தத் துறவு விடவில்லை. அருகன் பெயர் அவருக்கு அவ்வளவு தூரமும் இல்லை.

இடையில் ஒரு கேள்வி. உழவர் ஊர்ப்பொதுவை ரஷ்யர் 'மிர்' என்றார்கள், 'உலகம்' என்பதற்கும் அதே சொல். நம்மிடமும் 'உலகம்' என்றால் மக்கள் என்ற பொருள் உண்டே, அதை இங்கே எடுத்தாளலாமா?

மடல் 8: தமிழாசிரியர், ஈரோடு

'உலகம் என்பது உயர்ந்தோர் மாட்டே' என்று நம் பழந்தொடர் உயர்ந்தோரிடம் கொண்டுபோய் நிறுத்துகிறது, ரஷ்யச் சொல் உழவரிடம் நிற்கிறது. நேர் எதிர். 'ஊர்ப்பொது' போதும் அம்மா.

மடல் 9: பொறியாளர், யாழ்ப்பாணம்

அக்கா, ஒரே ஒரு தடை சொல்கிறேன். 'அறிவர்' உயர்வுச் சொல். 1909இல் பெர்தியாயெவ், ஸ்துரூவே முதலிய ஏழு ரஷ்யச் சிந்தனையாளர்கள் 'வேஹி' என்ற கட்டுரைத் தொகுப்பில் இதே கூட்டத்தைக் கடுமையாகச் சாடினார்கள். உண்மையை விட மக்கள் நலனே பெரிது என்று சிந்தனையை அடகு வைத்தீர்கள் என்பது பெர்தியாயெவின் குற்றச்சாட்டு. இன்டெலிகென்ட்சியா அங்கே வசைச்சொல். 'அறிவர் குழாம் அழிவுக்கு வழி காட்டியது' என்று எழுதினால் முரணாக இல்லையா? மூலச்சொல்தான் இரண்டு பக்கமும் நிற்கும்.

மடல் 10: ஆசிரியை, மதுரை

இதற்குப் பதில் தேடித்தான் நேற்று இரவு 2 மணி வரை உட்கார்ந்திருந்தேன். ரஷ்ய மொழியிலும் அது முதலில் உயர்வுச் சொல்தான் தம்பி. வேஹிக்காரர்கள் அந்த உயர்வைத்தான் பிடித்து உலுக்கினார்கள். உயர்வு இல்லாத சொல்லில் அந்தக் கோபம் தெரியாது. 1922இல் சோவியத் அரசு பெட்ரோகிராடிலிருந்து கப்பலேற்றி நாடுகடத்திய சிந்தனையாளர்களில் பெர்தியாயெவும் ஒருவர். சாடியவரும் கடைசியில் அந்தக் குழாத்தோடுதான் எண்ணப்பட்டார்.

நேரம் இல்லை. முதல் இடத்தில் 'இன்டெலிகென்ட்சியா என்னும் அறிவர் குழாம்', மற்ற இடங்களில் 'அறிவர்' அல்லது 'அறிவர் குழாம்', சோவியத் காலப் பத்தி ஒன்றில் மட்டும் சென்னை ஐயாவின் 'அறிவுத்துறையினர்'. குணத்துக்குச் சொல் போடவில்லை, வாக்கியத்தை மாற்றிக்கொண்டேன்.

மடல் 11: மெய்ப்புத் திருத்துநர், சென்னை

சரி அம்மா. என் மறுப்பு பதிவில் இருக்கட்டும். மெய்ப்பை அனுப்புங்கள், வியாழன் மாலைக்குள் பார்த்துத் தருகிறேன்.

மடல் 12: பொறியாளர், யாழ்ப்பாணம்

எனக்கு இன்னும் மனம் ஒப்பவில்லை. அடுத்த பாடத்தில் எழுத்தாளர் சோல்செனிட்சின் வருவார்தானே? பட்டம் மட்டும் பெற்று வாயை மூடிக்கொண்டவர்களுக்கு 1974இல் அவர் வைத்த பெயர் 'அப்ரசவான்ஷ்சினா'. அறிவருக்கு எதிராக அதற்கு என்ன போடுவீர்கள் அக்கா? 'மெத்தப் படித்தவர்கள்' என்று எனக்குத் தோன்றுகிறது, ஆனால் அதில் ரஷ்யச் சொல்லின் கசப்பு பாதிதான் வருகிறது.