புதுப்பிப்பு: கேம் பெட்டிகளில் இருந்த ஸ்டிக்கர் பசை போயிட்டுது

மட்டக்களப்பில பழைய கடையொன்றில வாங்கின பிளேஸ்டேஷன் 2 கேம் பெட்டிகளில விலை ஸ்டிக்கர் இறுகிக் கிடக்குது, எப்படி எடுக்கிற எண்டு கேட்டிருந்தனே, இப்ப எல்லாம் சுத்தம். யோசனை சொன்ன எல்லாருக்கும் நன்றி.

கைகொடுத்தது தேங்காய் எண்ணெய்தான். முதல்ல உள்ளுக்கிருக்கிற அட்டைத்தாளை உருவி எடுத்திடுங்க. எண்ணெய் கசிஞ்சா தாளில கறை விழும், அது போகவே போகாது. பிறகு ஹெயார் டிரையரால மெல்லிய சூடு காட்டி, ஒரு மூலையை நகத்தால கிளப்பி மெதுவா இழுங்க. வெயிலில வைக்க வேணாம், எங்கட வெயிலுக்குப் பெட்டி நெளிஞ்சிடும். மிச்சப் பசையில எண்ணெயைப் பூசி அரை மணித்தியாலம் விட்டால், பெருவிரலால தேய்க்கத் தேய்க்க அது சாம்பல் நிறத் திரியாச் சுருண்டு வரும். சவர்க்காரத் தண்ணியில கழுவுங்க. பிசுபிசுப்பு இருந்தா சேர்ஜிக்கல் ஸ்பிரிட்டைப் பஞ்சில தொட்டுத் துடைச்சால் சரி.

நெயில் பொலிஷ் ரிமூவர் பற்றி ஒண்டு. அதில பெரும்பாலும் அசிற்றோன் எண்ட கரைப்பான் இருக்கும். பிளேஸ்டேஷன் 2 பெட்டி பொலிப்ரொப்பிலீன் எண்ட பிளாஸ்டிக், அசிற்றோனைத் தாங்கும். முதலாவது பிளேஸ்டேஷனின்ர சிடிப் பெட்டி பொலிஸ்டைரீன் எண்ட வேற பிளாஸ்டிக். அசிற்றோன் பட்ட இடம் உருகி மங்கிப் போயிடும், திருத்தேலாது. அதில தயவுசெய்து பாவிக்காதீங்க.

இனி ஒரு பெட்டிதான் மிச்சம்: ஸ்டிக்கர் அட்டைத்தாளிலேயே ஒட்டியிருக்கு. எண்ணெய் வைக்கேலாது. தாள் கிழியாம எடுத்த ஆக்கள் இருந்தா சொல்லுங்க.