உதவி: ராணுவத்தை விட்டு வந்துவிட்டேன், 2024 டபிள்யூ-2 எடுக்க முடியவில்லை

எடிசன்வாசி | பிப்ரவரி 9, 2025

வணக்கம். அமெரிக்க ராணுவத்தில் ஐந்து வருஷம் இருந்துவிட்டுப் போன ஆகஸ்ட்டில் வெளியே வந்தேன். அப்போது டெக்சஸ், இப்போது நியூ ஜெர்சி. இங்கே சேர்ந்த புது வேலையின் டபிள்யூ-2 (வருஷச் சம்பளமும் அதில் பிடித்த வரியும் காட்டும் சீட்டு, வரிக் கணக்குக்கு அதுதான் அடிப்படை) ஜனவரியிலேயே வந்துவிட்டது. ராணுவத்துடையதுதான் இன்னும் கைக்கு வரவில்லை.

உள்ளே இருந்தவரை மைபே என்ற ராணுவச் சம்பளத் தளத்துக்கு எனக்கு பாஸ்வேர்டே தேவைப்பட்டதில்லை. கேக் கார்டைச் செருகி (தின்கிற கேக் இல்லை, ராணுவ அடையாள அட்டைக்கு எங்கள் செல்லப் பெயர்) பின் நம்பரைத் தட்டினால் திறந்துவிடும். வெளியேறிய அன்று கார்டைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். லாகின் ஐடி என்று ஒன்று வைத்தேனா என்பதே நினைவில்லை. தளத்தில் பாஸ்வேர்டு கேட்டால் பதிவில் இருக்கும் மெயிலுக்கு அனுப்பும், அல்லது பதிவில் இருக்கும் முகவரிக்குத் தபாலில் அனுப்பும். மெயில் ராணுவ மெயில், அது மூடிப் பல மாதம் ஆகிறது. முகவரி டெக்சஸில் நான் காலி செய்த வீடு. இரண்டையும் மாற்றச் சொல்லிக் கிளம்புவதற்கு முன் தந்த தாளில் எழுதியிருந்தது. நான்தான் "ஊருக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்" என்று விட்டுவிட்டேன்.

அவசரம் ஏனென்றால், மதுரையில் இருக்கும் அம்மாவுக்கு கிரீன் கார்டு மனு போட்டிருக்கிறேன். அம்மாவைப் பார்த்துக்கொள்ள எனக்கு வருமானம் உண்டு என்று காட்டும் ஐ-864 படிவத்தோடு கடைசி வருஷத்து வரிக் கணக்கு வைக்க வேண்டும். இந்த வருஷக் கணக்கை முடித்தால் அதையே வைத்துவிடலாம் என்று பார்த்தேன்.

யாராவது இப்படி மாட்டியதுண்டா?

---

மாலுமி_ரிட்டயர்டு | பிப்ரவரி 9

தம்பி, நீங்கள் தனி ஆள் இல்லை. கார்டை நம்பி இருந்தவர்கள் எல்லோருக்கும் வெளியே வந்த முதல் பிப்ரவரியில் இதேதான் நடக்கும்.

உங்கள் மைபே கணக்கு இன்னும் உயிரோடுதான் இருக்கும். ராணுவத்தை விட்டு வந்த பிறகும் சுமார் ஒரு வருஷம் திறந்து வைத்திருப்பார்கள். ஆக ஆகஸ்ட் வரை பார்க்க வழி உண்டு, சாவிதான் இல்லை. ராணுவச் சம்பளம் பார்க்கும் அலுவலகமான டிஃபாஸின் வாடிக்கையாளர் எண் 888-332-7411. கூப்பிட்டு, வெளியே வந்துவிட்டேன், முகவரி மாறிவிட்டது என்று சொல்லுங்கள். ராணுவத்தை விட்டு வந்ததற்கான சான்று டி.டி.-214 பக்கத்தில் இருக்கட்டும், தேதி கேட்டால் தடுமாற வேண்டாம். திங்கள் காலையில் மட்டும் கூப்பிடாதீர்கள், இசை கேட்டே நாள் போய்விடும்.

---

கணக்குப்பிள்ளை | பிப்ரவரி 9

இதற்கு ஏன் இவ்வளவு அலைச்சல்? கடைசி எல்.இ.எஸ். சம்பளச் சீட்டில் வருஷ மொத்தம் இருக்குமே. அதை வைத்து 4852 படிவம் போட்டு அனுப்பிவிடுங்கள். டபிள்யூ-2வுக்கு மாற்றுப் படிவம் அதுதான்.

---

எடிசன்வாசி | பிப்ரவரி 9

என்னிடம் இருப்பது ஜூலை எல்.இ.எஸ். ஒன்றுதான். இங்கே வீடு வாடகைக்கு எடுக்கும்போது வருமானச் சான்று கேட்டார்கள் என்று அனுப்பியது, மெயிலில் தங்கிவிட்டது. படத்தை இணைத்திருக்கிறேன். இது போதுமா?

*[படம் நீக்கப்பட்டது]*

---

சான்அன்டோனியோ_அக்கா | பிப்ரவரி 9

தம்பி, முதலில் அந்தப் படத்தை எடுங்கள். பெயர், சமூகப் பாதுகாப்பு எண்ணின் கடைசி இலக்கங்கள், வங்கி எல்லாம் அப்படியே தெரிகிறது. உதவி கேட்கிற இடம் என்றாலும் தெருதானே இது.

எடுத்துவிட்டீர்களா? சரி. நான் இங்கே வீட்டா முகாமில் இலவசமாக வரிக் கணக்குப் போட்டுக் கொடுக்கும் தன்னார்வலர். வீட்டுக்காரர் விமானப்படை. வருஷா வருஷம் உங்களைப் போல் பத்துப் பேரையாவது பார்க்கிறேன்.

4852 இப்போது வேண்டாம். அது கடைசிக் கை. உங்களுடையது ஜூலை சீட்டு. அதற்குப் பிறகு ஆகஸ்ட் சம்பளம் வந்திருக்கும். எடுக்காத லீவை விற்றிருந்தால் அந்தப் பணமும் வந்திருக்கும், அதுவும் வரிக்கு உட்பட்டதுதான். இது எதுவுமே ஜூலை சீட்டில் இருக்காது. குத்துமதிப்பாகப் போட்டு அனுப்பி, பிறகு அசல் வந்து எண்கள் ஒத்துப்போகாவிட்டால் 1040-எக்ஸ் என்ற திருத்தப் படிவம் போட்டுச் சரிசெய்ய வேண்டும். ஒரு வேலையை இரண்டு தடவை செய்வானேன்? பிப்ரவரி முடிந்தும் டபிள்யூ-2 கிடைக்காவிட்டால் அமெரிக்க வருமான வரித் துறையான ஐ.ஆர்.எஸ்.ஸை 800-829-1040 எண்ணில் கூப்பிடலாம். 4852 பற்றி யோசிப்பது அதற்கும் அப்புறம்தான்.

இப்போது செய்ய வேண்டியது, டிஃபாஸ் தளத்தில் "ஆஸ்க்டிஃபாஸ்" என்ற பகுதிக்குப் போங்கள். அதற்குள் நுழைய மைபே பாஸ்வேர்டு வேண்டாம். ராணுவத்தை விட்டு வந்தவர் வரிச் சீட்டு கேட்கும் படிவம் அங்கே இருக்கிறது. நிரப்பினால் தபாலில் வரும். எந்த வருஷத்துச் சீட்டு என்று கேட்கும் இடத்தில் 2024 என்று சரியாகப் போடுங்கள். 2025 என்று போட்டுவிட்டு ஒரு மாதம் காத்திருந்த பையனை எனக்குத் தெரியும்.

---

எடிசன்வாசி | பிப்ரவரி 10

படத்தை எடுத்துவிட்டேன் அக்கா, நன்றி. மதிய இடைவேளையில் ஆஸ்க்டிஃபாஸ் படிவத்தை நிரப்பிப் புது முகவரியைக் கொடுத்தேன். டிக்கெட் எண் வந்திருக்கிறது.

கையோடு இன்னொன்றும் செய்தேன். ஐ.ஆர்.எஸ். தளத்தில் ஐடி.மீ என்ற அடையாளச் சரிபார்ப்புச் சேவை வழியாகக் கணக்குத் திறந்து, சம்பள டிரான்ஸ்கிரிப்ட்டைப் பார்த்தேன். 2023 வரை எல்லாம் இருக்கிறது. 2024க்குப் போனால் ஒன்றுமே இல்லை. நான் ஏதாவது தப்புச் செய்கிறேனா?

---

சான்அன்டோனியோ_அக்கா | பிப்ரவரி 10

தப்பு இல்லை, இன்னும் நேரம் வரவில்லை. சம்பளம் கொடுப்பவர்கள் அனுப்பிய விவரம் அங்கே முழுசாக ஏறப் பல மாதம் ஆகும். பழைய வருஷத்துச் சீட்டு தொலைந்தவர்களுக்கு அது நல்ல வழி, நடப்பு சீசனுக்கு நம்ப முடியாது. இன்னொரு குறையும் உண்டு. மாநில வரி பிடித்த விவரம் அந்த டிரான்ஸ்கிரிப்ட்டில் வராது.

அம்மா மனுவுக்கு ஒரு தகவல். வரிக் கணக்கின் நகல் வைத்தால் எல்லா டபிள்யூ-2வையும் கூடவே வைக்க வேண்டும். நகலுக்குப் பதில் ஐ.ஆர்.எஸ். தரும் வரிக் கணக்கு (ரிட்டர்ன்) டிரான்ஸ்கிரிப்ட்டை வைத்தால் டபிள்யூ-2 வேண்டாம். (நீங்கள் இப்போது பார்த்தது சம்பள டிரான்ஸ்கிரிப்ட், அது வேறு. இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள்.)

---

வேலூர்_ஹவில்தார் | பிப்ரவரி 10

இந்திய ராணுவத்தில் இருந்தவன் நான், இங்கே சும்மா வாசிக்கிறேன். உங்கள் டபிள்யூ-2 போல எங்களுக்கு ஃபார்ம் 16. ஒரு காலத்தில் பி.ஏ.ஓ. என்ற சம்பளக் கணக்கு அலுவலகத்துக்குக் கடுதாசி போட்டுக் காத்திருப்போம். இப்போது பையன்கள் ஹம்ராஸ் ஆப்பில் போனிலேயே எடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் போன் நம்பர் மாற்றினால் அவர்களும் உங்களைப் போலத்தான் முழிக்கிறார்கள். நாடு எதுவானாலும் பட்டாளத்தான் பாடு ஒன்றுதான் தம்பி.

---

மாலுமி_ரிட்டயர்டு | பிப்ரவரி 11

ஒன்று கேட்க மறந்துவிட்டேன். டெக்சஸிலிருந்து சாமானை எப்படிக் கொண்டுபோனீர்கள்? அரசாங்க லாரியா, நீங்களே ஏற்றிக்கொண்டு போனீர்களா?

---

எடிசன்வாசி | பிப்ரவரி 11

நானே வாடகை லாரி எடுத்து ஓட்டி வந்தேன் அண்ணா. ராணுவத்திடம் சாமான் எடைச்சீட்டு எல்லாம் கொடுத்து, அதற்கான பணமும் வந்துவிட்டது. ஏன் கேட்கிறீர்கள்?

---

மாலுமி_ரிட்டயர்டு | பிப்ரவரி 11

அதற்குத் தனி டபிள்யூ-2 உண்டு. பிரயாணக் கணக்கிலிருந்து வருவது, சம்பள டபிள்யூ-2வில் கலக்காது. உங்கள் செலவு போக மிஞ்சிய பணம் வருமானம். அதில் 22 சதவீதம் வரியாகப் பிடித்துக்கொண்டுதான் கொடுத்திருப்பார்கள். அந்தச் சீட்டு இல்லாமல் கணக்குப் போட்டால் பிடித்த வரியை நீங்கள் கேட்காமல் விடுவீர்கள், அதோடு வருமானத்தை மறைத்ததாக ஒரு கடிதமும் வரும். அதற்கும் ஒரு டிக்கெட் போட்டு வையுங்கள்.

---

எடிசன்வாசி | பிப்ரவரி 11

வங்கியில் வந்த தொகை நான் கணக்குப் பார்த்ததைவிடக் குறைவாக இருந்ததற்குக் காரணம் இப்போதுதான் புரிகிறது! ஏதோ எடைச்சீட்டில் குறை சொல்லிவிட்டார்கள் என்று நினைத்தேன். இரண்டாவது டிக்கெட் போட்டாகிவிட்டது.

---

எடிசன்வாசி | பிப்ரவரி 24

தபால் வந்தது. சம்பள டபிள்யூ-2. மெல்லிய உறை, விளம்பரக் காகிதம் என்று குப்பையில் போடப் பார்த்தேன்.

ஆனால் எண்கள் தப்பு மாதிரி தெரிகிறது. 1ஆம் கட்டத்தில் இருக்கும் சம்பளம் நான் வாங்கியதில் பாதிக்குக் கொஞ்சம் மேல். 3ஆம் கட்டத்தில் வேறு தொகை, அதுதான் சரி மாதிரி இருக்கிறது. 12ஆம் கட்டத்தில் கியூ என்ற எழுத்து போட்டு ஒரு தொகை. மாநில வரி இருக்க வேண்டிய 17ஆம் கட்டம் காலி. திருத்திய சீட்டு கேட்க வேண்டுமா?

---

சான்அன்டோனியோ_அக்கா | பிப்ரவரி 24

போன வருஷம் எங்கேயாவது வெளிநாட்டில் இருந்தீர்களா?

---

எடிசன்வாசி | பிப்ரவரி 24

ஆமாம் அக்கா, குவைத். ஜனவரியிலிருந்து மார்ச் வரை.

---

சான்அன்டோனியோ_அக்கா | பிப்ரவரி 24

அவ்வளவுதான் விஷயம். சீட்டு சரியாகத்தான் இருக்கிறது.

குவைத் போர் மண்டலப் பட்டியலில் இருக்கிறது. சிப்பாய், சார்ஜன்ட் வகையில் இருப்பவர்களுக்கு அங்கே இருந்த மாதத்தின் சம்பளத்துக்கு வருமான வரி கிடையாது. மாதத்தில் ஒரே ஒரு நாள் இருந்தாலும் முழு மாதமும் கழியும். ஆனால் சமூகப் பாதுகாப்பு வரியும் மெடிகேர் வரியும் அந்தச் சம்பளத்துக்கும் உண்டு. அதனால்தான் 1ஆம் கட்டமும் 3ஆம் கட்டமும் ஒத்துப்போகவில்லை.

லீவுப் பணத்தை விட்டுவிட்டு ஒரு கணக்கு சொல்கிறேன். அடிப்படைச் சம்பளம் மாதம் 3,000 டாலர் என்று வைத்துக்கொள்வோம். எட்டு மாதத்துக்கு 24,000. அது 3ஆம் கட்டத்திலும் (சமூகப் பாதுகாப்பு) 5ஆம் கட்டத்திலும் (மெடிகேர்) வரும். குவைத் மூன்று மாதம் 9,000, அது 12ஆம் கட்டத்தில் கியூவுக்குப் பக்கத்தில். மிச்சம் 15,000 தான் 1ஆம் கட்டம். உங்கள் சீட்டை எடுத்து 1ஐயும் கியூவையும் கூட்டிப் பாருங்கள், 3 வர வேண்டும். வரவில்லை என்றால் 12ஆம் கட்டத்தில் டி என்ற எழுத்து இருக்கிறதா பாருங்கள். அது டி.எஸ்.பி. ஓய்வுக்காலச் சேமிப்பு (நம் ஊர் போலீஸ் டி.எஸ்.பி. இல்லை), வரிக்கு முன் போடும் பழைய வகையில் போட்டிருந்தால் அதுவும் 1இல் கழிந்திருக்கும். வரி கட்டிய பணத்தில் போடும் ராத் வகை என்றால் ஏஏ என்று இருக்கும், அது கழியாது.

வீட்டு வாடகைப் படியும் சாப்பாட்டுப் படியும் எந்தக் கட்டத்திலும் சம்பளமாக வராது, இரண்டுக்கும் வரி இல்லை. "வாங்கியதில் பாதி" என்று உங்களுக்குத் தோன்றியதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கும். நீங்கள் வங்கியில் விழுந்ததை நினைத்துப் பார்க்கிறீர்கள்.

17 காலியாக இருப்பது, உங்கள் சட்டப்படியான மாநிலம் டெக்சஸ் என்று பதிவில் இருப்பதால். அங்கே மாநில வருமான வரியே கிடையாது. நியூ ஜெர்சிக்குப் பகுதி வருஷக் குடியிருப்பாளராகக் கணக்குப் போடுங்கள், குடிவந்த பிறகு சம்பாதித்தது அதில் வரும்.

---

எடிசன்வாசி | பிப்ரவரி 24

கூட்டிப் பார்த்தேன். ஒரு டாலர் பிசகாமல் வருகிறது. டி இல்லை, ஏஏ தான்.

---

கணக்குப்பிள்ளை | பிப்ரவரி 25

ஒப்புக்கொள்கிறேன், குவைத் எனக்குத் தோன்றவே இல்லை. ஜூலை சீட்டை வைத்து நான் சொன்னபடி செய்திருந்தால் தம்பி வரியை அள்ளிக் கொடுத்திருப்பார். கணக்குப் போட மென்பொருளுக்குப் பணம் கட்டாதீர்கள். மில்டாக்ஸ் இலவசம், மிலிட்டரி ஒன்சோர்ஸ் தளத்தில் இருக்கிறது. வெளியே வந்து 365 நாள் வரை உங்களுக்கும் உண்டு.

---

எடிசன்வாசி | மார்ச் 8

இரண்டாவது டபிள்யூ-2, லாரிப் பணத்துடையது, இன்று வந்தது. மில்டாக்ஸில் மூன்று சீட்டையும் ஏற்றி அனுப்பிவிட்டேன். பிடித்ததில் நல்ல பங்கு திரும்பி வருகிறது. அம்மாவுக்குப் போன் செய்து சொன்னேன். "அப்ப டிக்கெட் போட்டுட்டியா?" என்கிறார்கள். எந்த டிக்கெட்டைச் சொல்வது!

---

மாலுமி_ரிட்டயர்டு | மார்ச் 8

மைபே கணக்குக்கும் ஒரு வழி பண்ணுங்கள் தம்பி. ஆகஸ்ட்டுக்குள் உள்ளே போக முடிந்தால் பழைய வருஷத்து டபிள்யூ-2, எல்.இ.எஸ். எல்லாவற்றையும் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

---

கடலோரக்காவல்_மனைவி | மார்ச் 19

இதே பிரச்சினை எனக்கும். என் கணவர் கோஸ்ட் கார்டில் (கடலோரக் காவல் படை) இருந்தார். மைபேயில் தேடினால் அவர் பெயரே இல்லை என்கிறது. என்ன செய்வது?

---

சான்அன்டோனியோ_அக்கா | மார்ச் 19

கோஸ்ட் கார்டு சம்பளம் டிஃபாஸ் வழியாக வருவதில்லை அம்மா. அவர்களுக்கு டைரக்ட் ஆக்சஸ் என்று வேறு தளம். புதிதாக ஓர் இழை போடுங்கள், அவர் எந்த மாதம் வெளியே வந்தார் என்று அதில் எழுதுங்கள். நான் வந்து பார்க்கிறேன்.