புதுப்பிப்பு: மெலாக்சிகாமோடு வேறு வலி மருந்து சேர்க்கலாமா?

மெலாக்சிகாம் (வலியும் வீக்கமும் குறைக்கும் மருந்து) கொடுத்தும் எங்கள் வயதான லாப்ரடார் நாய் நொண்டுகிறான், வீட்டில் மிச்சமிருக்கும் பிரெட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டு மருந்தையும் சேர்க்கலாமா என்று முன்பு கேட்டிருந்தேன். கூடவே கூடாது என்றார் டாக்டர். இரண்டும் சேர்ந்தால் வயிற்றில் புண் வந்து ரத்தம் கசியலாம். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மாறுவதென்றாலே பொதுவாக 5 முதல் 7 நாள் இடைவெளி விடுவார்களாம்.

பதிலுக்கு காபாபென்டின் எழுதிக் கொடுத்தார். அது நரம்பு வழியாக வேலை செய்வதால் மெலாக்சிகாமோடு கொடுக்கலாம். முதலில் தூங்கி வழிந்தான், பின்னங்கால் தள்ளாடியது. இப்போது தானாகவே சோபாவில் ஏறிவிடுகிறான் (அது வேறு தலைவலி). ஒன்று கவனியுங்கள்: மனிதர்களுக்கான திரவ காபாபென்டின் சிலவற்றில் சைலிடால் என்ற இனிப்பூட்டி இருக்கும், நாய்க்கு அது விஷம்.

நாம் சாப்பிடும் வலி மாத்திரையான ஐபுப்ரோஃபெனை அவனுக்குக் கொடுக்கலாமே என்று யோசனை சொன்ன நண்பருக்கு: சாமி, வேண்டவே வேண்டாம்!

வாந்தி, சாப்பிட மறுப்பது, தார் போல் கறுத்த மலம் எது தெரிந்தாலும் மெலாக்சிகாமை நிறுத்திவிட்டு உடனே கூப்பிடச் சொல்லியிருக்கிறார். அடுத்த வாரம் சிறுநீரகத்துக்கு ரத்தப் பரிசோதனை.